குழந்தை யாரைப் போல்?

மகவு பிறந்த இல்லத்தில் பெயர் சூட்டுமுன்னரே ஒரு வழக்கு தொடங்கிவிடுகிறது. மூக்கு தந்தையுடையதா, நெற்றி பாட்டியாருடையதா என்று இரு குடும்பத்தாரும் வாதிடுவர். இதில் குற்றமேதுமில்லை. ஹஸன் (ரலி) அவர்கள் சிறுவராயிருந்தபோது, அபூபக்கர் சித்தீக் (ரலி) அவர்கள் அவரைத் தோளில் தூக்கிக்கொண்டு, இப்பிள்ளை அலீயை அன்று, நபிகள் பெருமானாரையே ஒத்திருக்கிறது என்று கூறி மகிழ்ந்தார்கள். அதைக் கேட்ட அலீ (ரலி) அவர்கள் சிரித்தார்கள்.

ஆனால் இவ்விளையாட்டுப் பேச்சே சில வேளை நஞ்சாகிவிடுகிறது. "எங்கள் குடும்பத்தில் இந்த நிறம் யாருக்கும் இல்லையே" என்று ஒருவர் சொல்லும் சொல், பேறுகாலக் களைப்பு நீங்காத தாயின் நெஞ்சைப் பிளந்துவிடும்.

பஸாரா குலத்தைச் சேர்ந்த ஒருவர் இத்தகைய ஐயத்துடனேயே அண்ணல் நபி (ஸல்) அவர்களிடம் வந்தார். தம் மனைவி கறுப்பு நிறக் குழந்தையைப் பெற்றிருப்பதாக முறையிட்டார். பெருமானார் அவரைக் கடிந்துகொள்ளவில்லை. அவருடைய ஒட்டகங்களின் நிறம் யாதென வினவினார்கள். சிவப்பு என்றார் அவர். அவற்றுள் சாம்பல் நிறமுடையதும் உண்டோ என்று கேட்க, உண்டு என்றார். அது எங்ஙனம் வந்தது என்று கேட்டபோது, ஏதோ ஒரு பரம்பரை வேர் இழுத்திருக்கலாம் என்று அவரே விடை பகர்ந்தார். உம் மகனையும் அவ்வாறே ஒரு வேர் இழுத்திருக்கலாம் என்று அறிவுறுத்திய நபிகளார், அக்குழந்தையை மறுத்துரைக்க அவரை அனுமதிக்கவில்லை. அபூஹுரைரா (ரலி) அறிவிக்கும் இச்செய்தி புகாரீ, முஸ்லிம் ஆகிய இரு தொகுப்புகளிலும் இடம்பெற்றுள்ளது.

ஒரு தலைமுறையில் மறைந்திருக்கும் பண்பு அடுத்த தலைமுறையில் வெளிப்படக்கூடும் என்பதைப் பட்டாணிச் செடிகளை ஆராய்ந்த மெண்டல் 1866-இல் வெளியிட்ட கட்டுரையில் விளக்கினார். மனிதத் தோலின் நிறத்தையோ பல மரபணுக்கள் கூடி நிர்ணயிக்கின்றன. ஆதலால் பெற்றோர் இருவரினும் கறுத்த பிள்ளையும் பிறக்கலாம்; வெளுத்த பிள்ளையும் பிறக்கலாம். பிறந்தபோது இருந்த நிறம் நாளடைவில் மாறுவதும் உண்டு.

கருவறைகளில் தான் நாடியவாறு நம்மை உருவாக்குபவன் இறைவனே என்று திருமறையின் ஆல இம்ரான் அத்தியாயம் கூறுகிறது. மாந்தரின் மொழிகளும் நிறங்களும் வேறுபட்டிருப்பதைத் தன் அத்தாட்சிகளுள் ஒன்றாக அவன் அர்ரூம் அத்தியாயத்தில் எண்ணுகிறான். அவனுடைய அத்தாட்சியை நாம் குறையாகப் பேசலாமா?

தொட்டிலருகே நிற்போரே, சிந்தியுங்கள்! குழந்தையின் நிறம் நம் கையில் இல்லை. அதைப் பற்றி நாம் பேசும் சொல் நம் கையில்தான் இருக்கிறது.