அம்மம்மா மட்டும் ஏன் உள்ளே வரலாம்?

எனக்கு அப்போது எட்டு வயது. முள்ளியவளையில் எங்கள் வீட்டின் சின்ன அறையில் பாய் விரித்து என்னைத் தனியே படுக்க வைத்திருந்தார்கள். படலையில் ஒரு கொத்து வேப்பிலை தொங்கியது. என் நெற்றி, நெஞ்சு, முதுகு எங்கும் நீர் கோத்த சின்னச் சின்னக் கொப்புளங்கள். தலைமயிருக்குள்ளும் இருந்தன. அது கொப்புளிப்பான். ஆனால் வீட்டில் யாரும் அந்தப் பெயரைச் சொல்லவில்லை. "அம்மாள் வந்திருக்கிறா" என்றுதான் மெல்லச் சொன்னார்கள்.

முந்தின இரவு வரை என்னோடு ஒரே பாயில் படுத்த தம்பி, கதவடியில் நின்று எட்டிப் பார்த்தான். "கிட்டப் போகாதை!" என்று அம்மா அதட்டினா. சித்திக்கு அப்போது வயிற்றில் பிள்ளை. அவவை எங்கள் வளவுக்குள்ளேயே வர விடவில்லை. அம்மம்மா மட்டும் நினைத்த நேரமெல்லாம் உள்ளே வந்தா. பக்கத்தில் குந்தியிருந்து இளநீர் பருக்குவா. கடி தாங்காமல் நான் நகத்தை வைக்கப் போனால் கையைப் பிடித்துக்கொண்டு, வேப்பிலைக் கொத்தால் முதுகை மெதுவாகத் தடவிவிடுவா.

"உங்களுக்கு வராதோ அம்மம்மா?"

"எனக்குச் சின்னனிலேயே வந்திட்டுது ராசா. இனி வராது."

இதை அம்மம்மா எந்தப் புத்தகத்திலும் படிக்கவில்லை. அவவின் அம்மா சொல்லியிருப்பா, அவவுக்கு அவவின் அம்மா. இதே விடயத்தை வேறொரு வருத்தத்தில் ஒரு மருத்துவர் ஒருமுறை ஊர் ஊராகப் போய் எண்ணியே பார்த்தார். டென்மார்க் நாட்டுக்குச் சொந்தமான பரோயே தீவுகளுக்கு 1846இல் கப்பலில் சின்னமுத்து வந்து இறங்கியது. அங்கே அப்போது ஏறக்குறைய 7,800 பேர்தான் வாழ்ந்தார்கள். சில மாதங்களுக்குள் அவர்களில் 6,000 பேர் வரை படுத்துவிட்டார்கள். விசாரிக்கப் போன பீற்றர் பானம் என்ற இளம் மருத்துவர் ஒரு புதுமையைக் கவனித்தார். அந்தத் தீவுகளுக்குச் சின்னமுத்து அதற்கு முன் கடைசியாக வந்தது 1781இல். அப்போது பிள்ளைகளாக இருந்து அந்த வருத்தம் கண்டவர்கள், இப்போது கிழவன் கிழவிகளாகி, நோயாளிகளுக்கு நடுவில் ஒன்றும் ஆகாமல் நடமாடினார்கள். 65 வருடம் கழிந்தும் அவர்களுடைய உடம்பு அந்த நோயை மறக்கவில்லை.

உடம்பு எப்படி நினைவு வைத்திருக்கிறது?

கிருமி உள்ளே வருவதே லேசான வேலை இல்லை. தோல் நல்ல வேலி. கண்ணீரிலும் எச்சிலிலும் பற்றீரியாக்களை உடைக்கிற ஒரு பொருள் இருக்கிறது. மூக்குச் சளி தூசியோடு கிருமியையும் ஒட்டிப் பிடிக்கும். இரைப்பை அமிலம், விழுங்கியதில் உள்ள பலதைக் கொன்றுவிடும். கொப்புளிப்பான் வைரசு காற்றோடு, மூச்சோடு வருவதால் சில நேரம் இந்த வேலியைத் தாண்டிவிடும். தாண்டினாலும் அன்றைக்கே எதுவும் தெரியாது. தொண்டைப் பக்கத்தில் பெருகி, இரத்தத்தில் கலந்து, தோலுக்கு வந்து கொப்புளமாக எழும்ப இரண்டு கிழமை அளவில் ஆகும். 10 நாளிலும் வரலாம், 21 நாளும் பிடிக்கலாம்.

அதற்குள் உடம்பு சும்மா இருக்குமா? உங்கள் இரத்தத்தின் ஒரு துளிக்குள் இலட்சக்கணக்கில் வெண்குருதிக் கலங்கள் இருக்கின்றன. சில, கண்ட கிருமியை அப்படியே விழுங்கிவிடும். சில, வைரசு புகுந்த கலங்களைத் தேடி அழிக்கும். காய்ச்சல்கூட உடம்பு தானாக ஏற்றுகிற சூடுதான். அந்தச் சூட்டில் வெண்குருதிக் கலங்கள் சுறுசுறுப்பாக வேலை செய்யும், பல கிருமிகள் பெருகத் திணறும்.

இவற்றுக்குள் எனக்கு மிகவும் பிடித்த ஒரு கூட்டம் உண்டு. அதைச் சொல்ல எங்கள் வற்றாப்பளைக் கதை ஒன்றைத் துணைக்கு எடுக்கிறேன். நந்திக்கடல் கரையில் மாடு மேய்த்த பொடியன்களிடம் ஒரு மூதாட்டி வந்து, தலையில் பேன் பார்க்கச் சொன்னாவாம். மயிரை விலக்கினால் தலை நிறையக் கண்கள்! அவதான் கண்ணகி அம்மன் என்பார்கள். வைகாசிப் பொங்கலுக்குக் கடல்நீரில் விளக்கெரியும் என்று சொல்லப்படும் அந்த அம்மன் கோயிலுக்கு நீங்களும் போயிருப்பீர்கள். நான் சொல்லும் வெண்குருதிக் கலங்களும் அந்தக் கண்கள் போலத்தான். ஒவ்வொன்றுக்கும் ஒரே ஒரு வடிவம்தான் தெரியும். ஒன்றுக்குச் சின்னமுத்து, ஒன்றுக்குக் கூகைக்கட்டு, ஒன்றுக்குக் கொப்புளிப்பான். தனக்குத் தெரிந்த வடிவம் எதிரே வந்தால்தான் அது விழித்துக்கொள்ளும். விழித்த கலம் ஒன்று இரண்டாகி, இரண்டு நாலாகிப் பெருகி, 'பிறபொருளெதிரி' என்ற பொருளைச் செய்து இரத்தத்தில் விடும். அது வைரசைச் சுற்றி ஒட்டிக்கொண்டு, கலத்துக்குள் நுழைய விடாமல் தடுக்கும்.

முதல்முறை இந்த வேலை முடிய நாள் பிடிக்கும். அதனால்தான் படுக்கிறோம். வருத்தம் மாறிய பிறகு அந்தக் கலங்களில் பெரும்பாலானவை இறந்துபோகும், கொஞ்சம் மட்டும் காவலுக்கு நிற்கும். அதே வைரசு திரும்ப வந்தால், கொப்புளம் எழும்ப முன்னமே கதை முடிந்துவிடும். இதற்குப் பெயர் நிர்ப்பீடனம். அம்மம்மாவின் உடம்பில் இருந்தது அதுதான்.

படுக்காமலே இந்த நினைவைக் கொடுக்கிற வழிதான் தடுப்பூசி. சட்டைக் கையை உயர்த்தி இடது மேற்கையைப் பாருங்கள். ஒரு சின்னத் தழும்பு இருக்கும். பிறந்த உடனே போட்ட பீ.சீ.ஜீ. ஊசி அது, கடுமையான காசநோயைத் தடுக்க. 9 மாதத்திலும் 3 வயதிலும் போடுகிற ஊசி சின்னமுத்து, கூகைக்கட்டு, ருபெல்லா மூன்றுக்கும் சேர்த்து. கிளினிக்குக்குக் கொண்டுபோன உங்கள் பதிவேட்டில் திகதியோடு எழுதியிருக்கும், அம்மாவிடம் கேட்டுப் பாருங்கள். இப்படி ஊசி போட்டுப் போட்டே 2019இல் இலங்கை சின்னமுத்தை ஒழித்த நாடு என்று உலக சுகாதார நிறுவனம் அறிவித்தது. ஆனால் 2023இல் அது மறுபடி தலைகாட்டியது. அதற்கான நிர்ப்பீடனம் இல்லாதவர்களைத்தான் அது தேடிப் பிடித்தது.

உடம்பு எவ்வளவு கெட்டியாக இருந்தாலும் நெருக்கத்தில் திணறிவிடும். 2009இல் போரால் இடம்பெயர்ந்த எங்கள் சனம் வவுனியா செட்டிகுளத்து முகாம்களில் கூடாரத்துக்குக் கூடாரம் இடைவெளி இல்லாமல் இருந்தபோது கொப்புளிப்பான் பரவியது. தனி அறையும் இல்லை, தனிப் பாயும் இல்லை. சரியான சாப்பாடும் நித்திரையும் இல்லாத உடம்புகள். ஒரு பிள்ளையைத் தனியே படுக்க வைக்க ஒரு சின்ன அறை இருப்பது எவ்வளவு பெரிய வசதி என்று அந்த நாட்களை நினைக்கும்போதெல்லாம் எனக்குத் தோன்றும்.

உங்களில் யாருக்காவது கொப்புளிப்பான் வந்தால் நகத்தை ஒட்ட வெட்டிவிடுங்கள். சொறிந்த புண்ணில் பற்றீரியா புகுந்தால் அது வேறு கரைச்சல். சுத்தமான தண்ணீரில் உடம்பு கழுவலாம். காய்ச்சலுக்கு அஸ்பிரின் மட்டும் வேண்டாம், பிள்ளைகளுக்கு அது ஆபத்து. மூச்சுவிடக் கஷ்டம், விடாத தலையிடி, மயக்கம் என்றால் உடனே ஆஸ்பத்திரிக்குப் போக வேண்டும். எல்லாக் கொப்புளமும் காய்ந்து பொருக்காகும் வரை பள்ளிக்கூடமும் வேண்டாம். கர்ப்பிணிகளுக்கும் பச்சைப் பிள்ளைகளுக்கும் கிட்டப் போகவே கூடாது. சித்தியை வளவுக்குள் விடாததன் காரணம் இப்போது விளங்குகிறதா?

என் பொருக்குகள் எல்லாம் விழுந்து, வேப்பிலையும் மஞ்சளும் போட்ட தண்ணீரில் முழுகி எழும்பிச் சில நாள்தான் போயிருக்கும். காலையில் தம்பி முகம் கழுவும்போது அவன் காதடியில் ஒரு சின்னக் கொப்புளம். அம்மம்மா விரல் மடித்து எண்ணினா. நான் படுத்து அன்றைக்குப் பதினைந்தாம் நாள். கொப்புளம் எழும்புவதற்கு ஒன்றிரண்டு நாள் முன்னமே இது தொற்றும். ஒரே பாயில் படுத்த அந்த இரவுகளில் வைரசு அவனுக்குப் போய்விட்டது.

பாய் திரும்பவும் சின்ன அறைக்குப் போனது. நான் பழக்கதோசத்தில் கதவடியில் தயங்கி நின்றேன். அம்மம்மா இளநீர்ச் செம்பை என் கையில் தந்தா.

"நீ போகலாம் ராசா. உனக்கு வந்திட்டுதுதானே."