அன்று கொடுத்த சட்டம்

மட்டக்களப்பு வாவிக் கரை ஊர்களில் ‘சட்டம்’ என்ற சொல்லுக்கு அன்று வேறு பொருளும் இருந்தது. கூத்துப் பழகத் தொடங்கும் நாளில், ஒவ்வொருவரும் பாடி ஆட வேண்டிய பகுதியைக் கூத்துப் பழக்கும் அண்ணாவியார் எழுதிக் கொடுப்பார். அதற்குப் பெயர் சட்டம் கொடுத்தல். அரிச்சந்திரனுக்கு ஒரு சட்டம், கட்டியகாரனுக்கு ஒரு சட்டம், லோகிதாசனாக வரும் சின்னப் பொடியனுக்கும் ஒரு சட்டம். இன்று பிள்ளை நடிப்பது பற்றிப் பேசும்போது சட்டம் என்றால் பாராளுமன்றம் இயற்றியதுதான். முன்னதை அன்றைய பொடியன் மனப்பாடம் செய்தான். பின்னது தன்னைக் காக்க இருப்பது இன்றைய பிள்ளைக்குத் தெரியாது.

சட்டம் வாங்கியதிலிருந்து அரங்கேற்றம் வரை மாதங்கள் ஓடும். கிழமைக் கூத்து, சதங்கை அணி விழா, அடுக்குப் பார்த்தல் என்று படிப்படியாகப் போகும். ஆடுமிடம் வட்டக்களரி; சுற்றிவர ஊர் உட்கார்ந்திருக்கும். லோகிதாசனைப் பாம்பு தீண்டும் கட்டம் வரும்போது நடுச்சாமம் தாண்டிவிடும். பொடியன் அதற்குள் தாயின் மடியில் உறங்கிப்போயிருப்பான். முகத்தில் பூசிய அரிதாரம் அவள் சேலையில் பாதி ஒட்டியிருக்கும். எழுப்பி, முகம் துடைத்து, மறுபடி பூசி இறக்கிவிடுவார்கள். தாளம் தப்பிக் கால் பின்னினால், முன் பாயிலிருந்து ஒரு கிழவியின் குரல் வரும்: “காணும் அண்ணாவியார், புள்ள படுக்கட்டும்!” மத்தளம் சற்றே தணியும்.

அதை வெறும் பொற்காலம் என்று சொல்லிவிட முடியாது. அண்ணாவியாரின் கையில் பிரம்பும் இருந்தது. விடிய விடிய ஆடியவன் மறுநாள் பள்ளிக்கூடத்தில் தூங்கி விழுந்தான். பெண் வேடத்தையும் ஆண்களே கட்டினார்கள். சிறுமிக்குக் களரிக்கு வெளியேதான் இடம். இன்று கல்லடியில் உள்ள சுவாமி விபுலாநந்த அழகியற் கற்கைகள் நிறுவகத்தில் பெண் பிள்ளைகள் முறையாக ஆடல் பயில்கிறார்கள். சீலாமுனையில் சி. ஜெயசங்கரும் மூன்றாவது கண் குழுவினரும் தொடங்கிய கூத்து மீளுருவாக்கத்தில், பெண்ணையும் சாதியையும் தாழ்த்தும் வரிகளை ஊரவரே கூடிப் பேசி மாற்றுகிறார்கள். அதுவும் ஒரு தணிக்கைதான். ஆனால் ஆடுபவர்கள் நடுவே, ஆடுவதற்கு முன்பே நடக்கிறது.

அரசின் தணிக்கை வேறு வகை. 1912-ஆம் ஆண்டின் 7-ஆம் இலக்கச் சட்டத்தை வேராகக் கொண்ட அது நாடகப் பிரதியையும் பார்க்கிறது, திரைப்படத்தையும் பார்க்கிறது. மக்கள் எதைக் காணலாம் என்பதே அதன் கேள்வி. காட்டப்படும் பிள்ளைக்கு என்ன நேர்ந்தது என்று கேட்கும் பழக்கம் வெகுகாலம் கழித்தே வந்தது. சிறுவர் உரிமைச் சமவாயத்தை இலங்கை 1991-இல் ஏற்றது; தேசிய சிறுவர் பாதுகாப்பு அதிகார சபைக்கான சட்டம் 1998-இல் வந்தது.

இரண்டு கேள்விகளும் 2006-இல் ஒரே படத்தில் முட்டிக்கொண்டன. அசோக ஹந்தகமவின் ‘அக்ஷரய’ வயதுவந்தோருக்கு மட்டும் என்று தணிக்கைச் சபையின் அனுமதி பெற்றிருந்தது. பிறகு கலாசார அமைச்சு தலையிட்டுத் தடை போட்டது. தாயும் மகனும் வரும் குளியல் காட்சியில் நடித்த சிறுவனைப் பற்றிய குற்றச்சாட்டே பெரிதாகப் பேசப்பட்டது. கலைச் சுதந்திரம் என்றது ஒரு தரப்பு, பிள்ளையின் மானம் என்றது மறு தரப்பு. ஆனால் படப்பிடிப்பில் தீங்கு நடந்திருந்தால், படச்சுருளைப் பூட்டி வைப்பதால் அது நடக்காததாகிவிடாது. நடந்திருக்காவிட்டால், ஊரெல்லாம் தன்னைப் பற்றிப் பேசியதே அவனுக்கு நேர்ந்த தீங்கு.

அதே 2006-இல் இந்த மாவட்டத்துப் பிள்ளைகளை ஆயுதக் குழுவினர் பிடித்துக்கொண்டு போவதாக யுனிசெப் எச்சரித்தது. கொழும்பில் ஒரு பிள்ளையின் நிழற்படத்துக்காக நாடு வாதாடியபோது, இங்கே தாய்மார் பிள்ளையின் நிழற்படத்தைக் கையில் பிடித்தபடி அலுவலகங்களின் வாசலில் நின்றார்கள். பிள்ளைகளைப் போருக்குச் சேர்ப்பதைத் தண்டனைக் கோவைக் குற்றமாக்கிய திருத்தமும் அந்த ஆண்டில்தான் வந்தது.

சட்டம் யாருடைய கண்ணை நம்பியது என்பதும் மாறியிருக்கிறது. 1995-ஆம் ஆண்டின் தண்டனைக் கோவைத் திருத்தம், கழுவ வந்த படச்சுருளில் பிள்ளையின் ஆபாசப் படம் இருந்தால் உடனே பொலிசுக்கு அறிவிக்க வேண்டும் என்ற கடமையைப் படம் கழுவுபவர் மீது வைத்தது. அன்று எந்தப் படமும் ஸ்டூடியோக்காரரின் இருட்டறையைத் தாண்டித்தான் வெளியே வரும். இன்று கைபேசிக்கு இருட்டறை இல்லை. எடுத்த நொடியில் கடல் கடந்துவிடும். 2006-ஆம் ஆண்டுத் திருத்தம் கணினிச் சேவை நடத்துவோர் மீதும் கடமை சுமத்தியது. ஆனால் அவர்கள் முன் பாயில் உட்கார்ந்திருப்பவர்கள் அல்லர்.

பிள்ளை நடிக்கும் மணிக்கணக்கைக் கூடச் சட்டத்தில் எழுதி வைக்க முடியும் என்பதற்குப் பக்கத்து நாடே சான்று. இந்தியாவின் 2017-ஆம் ஆண்டு விதிப்படி ஒரு பிள்ளை நாளுக்கு ஐந்து மணி நேரத்துக்கு மேல் நடிக்கக் கூடாது. ஓய்வில்லாமல் மூன்று மணி நேரத்தைத் தாண்டக் கூடாது. வருமானத்தில் குறைந்தது 20 வீதம் பிள்ளையின் பெயரில் வைப்பில் இட வேண்டும். கூத்தாடிய பொடியனுக்கு இப்படி எந்தக் கணக்கும் இருந்ததில்லை. இன்றைய பிள்ளைக்கு இது பெரிய ஆதாயம். இங்கேயும் 1929 என்ற எண்ணை அழைத்தால் அதிகார சபை கேட்கும். அன்று பிரம்படி பட்டவனுக்கு அழைக்க எண் ஏது?

2013-இல் புதிய கல்லடிப் பாலம் திறந்தபின், பழைய இரும்புப் பாலம் நடப்பவர்களுக்கும் படம் எடுப்பவர்களுக்கும் என்றாகிவிட்டது. ஒரு மாலை அங்கே ஏழெட்டு வயதுச் சிறுமி ஒருத்தி சினிமாப் பாட்டுக்கு ஆடிக்கொண்டிருந்தாள். தாய் கைபேசியைப் பிடித்திருந்தாள். பாட்டு முடிவதும் மறுபடி தொடங்குவதுமாக இருந்தது. நாலாவது தடவை சிறுமி சிரிக்க மறந்தாள். ஆறாவது தடவை காலை மாற்றி வைத்தாள். நடந்து போனவர்கள் படத்தில் விழாமல் ஒதுங்கிப் போனார்கள். ‘காணும்’ என்ற சொல் என் நாக்கு நுனி வரை வந்தது. அந்தப் பிள்ளைக்கு நான் யார்? நானும் ஒதுங்கித்தான் நடந்தேன். பின்னால் பாட்டு ஏழாவது தடவையாகத் தொடங்கியது.