கல்வீட்டுக்குள் இருக்கும் வறுமையும் அஸ்வெசும மேன்முறையீடும்

2022 ஏப்ரல் 12ஆம் திகதி வெளிநாட்டுக் கடனைக் கட்ட முடியாதென்று இலங்கை அறிவித்தது. மறு ஆண்டு மார்ச்சில் சர்வதேச நாணய நிதியத்தின் சுமார் 300 கோடி டொலர் திட்டம் வந்தது. இவற்றை ஒட்டி நடந்த சீர்திருத்தங்களைக் கல்முனைக்குடி கடற்கரை முதலில் அறிந்தது மண்ணெண்ணெய் விலையில்தான். 2022 ஓகஸ்டில் ஒரே இரவில் லீற்றர் 87 ரூபாவிலிருந்து 340 ரூபாவுக்கு ஏறியது. பின்னாளில் அது இறங்கியது உண்மை. ஆனால் சிறு படகுகளின் எஞ்சின்கள் மண்ணெண்ணெயில் ஓடுபவை; அந்த மாதங்களில் கடலுக்குப் போனால் நட்டம், போகாவிட்டால் அடுப்பு எரியாது. அடுத்து பெறுமதி சேர் வரி. 8 வீதமாக இருந்தது 12 ஆகி, 15 ஆகி, 2024 ஜனவரியில் 18 ஆனது. சமையல் எரிவாயுவும் அன்று முதல் வரிக்குள் வந்தது. இப்படி ஏறும் விலை யாரிடமும் வருமானம் கேட்பதில்லை; படகு முதலாளியும் கரைவலை இழுக்கும் கூலிக்காரரும் ஒரே வீதத்தில்தான் கொடுக்கிறார்கள். அதற்கு ஈடாக அரசு தரும் உதவி மட்டும் வீட்டைப் பார்த்து, சாமானை எண்ணி, புள்ளி போட்டுத்தான் வருகிறது. எடுப்பது எல்லோரிடமும், கொடுப்பது தேர்ந்தெடுத்து என்றால், அந்தத் தேர்வில் விடுபட்டவர் கேள்வி கேட்கும் வழியும் சீர்திருத்தத்தின் ஒரு பாகம்தான். மேன்முறையீடு செய்வதை யாசகம்போல நினைத்துக் கூச்சப்படுபவர்கள் இதை முதலில் மனதில் கொள்ள வேண்டும்.

அந்த உதவிதான் அஸ்வெசும; 2002ஆம் ஆண்டின் 24ஆம் இலக்க நலன்புரி நன்மைகள் சட்டத்தின் கீழ் நடக்கும் திட்டம். கொடுப்பனவு 2023 ஜூலை முதல் கணக்கிடப்படுகிறது. கல்வி, சுகாதாரம், பொருளாதார நிலை, சொத்து, வீடு, குடும்ப அமைப்பு என்ற ஆறு துறைகளில் 22 குறிகாட்டிகளைக் கொண்டு ஒரு குடும்பத்தின் நிலை அளக்கப்படுகிறது. 2025 ஜனவரி முதல் மிக வறிய குடும்பத்துக்கு மாதம் 17,500 ரூபா வரையும் வறிய குடும்பத்துக்கு 10,000 ரூபா வரையும் கிடைக்கிறது. பணம் நேரே வங்கிக் கணக்குக்கு வரும். யாருடைய சிபாரிசும் தேவையில்லை என்பது இந்த ஏற்பாட்டின் நல்ல பக்கம். முந்தைய சமுர்த்தி உதவிக் காலத்தில் கட்சிக்காரர் வீட்டு வாசலில் நின்றவர்களுக்கு இதன் அருமை தெரியும்.

சிக்கல் அளவுகோலில் இருக்கிறது. பெண்பிள்ளைக்கு வீடு கட்டிக் கொடுத்துக் கலியாணம் முடிப்பது கிழக்குக் கரை முஸ்லிம் ஊர்களின் நீண்ட வழமை. அந்த வீடு வாப்பாவின் பத்து, பதினைந்து வருட மத்தியகிழக்கு உழைப்பாகவோ, அடகும் கடனுமாகவோ இருக்கும். ஓடு போட்ட கல்வீட்டில் குடியிருக்கும் மகளின் புருஷன் நாட்கூலிக்குப் போகிறவராக இருக்கலாம். 2004 சுனாமிக்குப் பிறகு நன்கொடையாகக் கிடைத்த வீடுகளும் இப்படித்தான்: சுவர் உறுதி, அதற்குள் வருமானம் இல்லை. இதற்கு மேல் காணி நெருக்கம். ஒரே வளவுக்குள் உம்மாவும் வாப்பாவும் ஒரு அறையில், மூத்த மகள் குடும்பம் முன்பக்கம், இளையவள் பின்னால் இறக்கிய பத்தியில். மின்மானி ஒன்று. மாதாந்த மின்பாவனை குறிகாட்டிகளில் ஒன்று என்பதால், மூன்று குடும்பம் எரித்த மின்சாரம் ஒரு குடும்பத்தின் வசதியாகக் கணக்கில் ஏற இடமுண்டு. கணக்கெடுக்க வந்த உத்தியோகத்தர் பொய் எழுதினார் என்பதல்ல. அவர் கையிலிருந்த படிவத்தில் சீதனத்துக்கும் வருமானத்துக்கும் உள்ள தூரத்தை எழுத இடமில்லை.

நாட்டிடம் பணமே இல்லாதபோது எல்லோரும் உரிமை கோரினால் என்ன ஆவது என்று சிலர் கேட்கிறார்கள். கேட்கவேண்டிய கேள்விதான். ஆனால் 2024 டிசம்பர் இறுதிக்கான இலக்குகளை நாணய நிதியம் மதிப்பிட்டபோது, இலங்கை தவறவிட்ட ஒரேயொரு அளவு இலக்கு சமூகப் பாதுகாப்புச் செலவு. வரி இலக்கு எட்டப்பட்டது. ஏழைகளுக்கென்று குறித்த தொகை முழுதாகப் போய்ச் சேரவில்லை. ஆகவே கசானா காலி என்ற பதில் இந்த இடத்தில் எடுபடாது. காசு கொடுத்தால் சோம்பேறியாவார்கள் என்பது இன்னொரு வாதம். 10,000 ரூபாவை நம்பி வேலைக்குப் போகாமல் இருக்க இன்றைய விலைவாசியில் எந்தக் குடும்பத்தாலும் முடியாது. பொய் சொல்லி வாங்குகிறார்கள் என்ற குற்றச்சாட்டில் உண்மை இருக்கலாம். அதற்கும் சட்டம் வழி வைத்திருக்கிறது: பட்டியல் பகிரங்கமாகக் காட்டப்படும், தகுதியற்றவர் பெயருக்கு எதிராக ஆட்சேபனை கொடுக்கலாம். ஸகாத் ஏழையின் ஹக்கு என்று அறிந்த ஊரில், அரசின் உதவியை மட்டும் யாரோ போட்ட பிச்சை என்று பேசுவது பொருந்தவில்லை.

2023 ஜூனில் முதற் பட்டியல் வந்தபோது நாடு முழுவதிலுமிருந்து ஒன்பது இலட்சத்துக்கு மேற்பட்ட மேன்முறையீடுகள் குவிந்தன. கேட்பவர் தனியாள் இல்லை. எப்படிக் கேட்பது என்பதுதான் முக்கியம். "நாங்கள் கஷ்டப்பட்டவர்கள்" என்று மட்டும் எழுதினால் புள்ளி மாறாது. எந்தத் தகவல் பிழை என்று குறிப்பாக எழுத வேண்டும்: ஒரே மின்மானியில் எத்தனை குடும்பம், வீடு யாருடைய பெயரில், தொழில் எத்தனை மாதம் கிடைக்கிறது, வீட்டில் நீண்டகால நோயாளி உண்டா. மின்பட்டியலின் பிரதி, கிளினிக் கொப்பி, கிராம சேவகர் (ஜீ.எஸ்.) தரும் உறுதிப்படுத்தல் ஆகியவற்றை இணைத்துப் பிரதேச செயலகத்தின் நலன்புரிப் பிரிவில் கொடுத்து, ஏற்றுக்கொண்டதற்கான அத்தாட்சியை வாங்கிக்கொள்வது நல்லது. மேன்முறையீட்டுக் காலம் முடிந்திருந்தால் அடுத்த பதிவுக்கான அறிவிப்பைக் கவனிக்க வேண்டும். 1924 இலக்கத்தில் விசாரிக்கலாம். ஒரே வளவில் தனித்தனியாகச் சமைத்து வாழ்பவர்கள், தாங்கள் தனிக் குடும்பமாகப் பதியப்பட்டிருக்கிறோமா என்பதை அப்போதே பார்த்துவிட வேண்டும்.

இதற்கிடையில் ஏமாறுவதற்கும் வழிகள் இருக்கின்றன. பெயர் போட்டுத் தருகிறேன் என்று காசு கேட்கும் தரகருக்கு இந்த முறையில் செய்யக்கூடியது எதுவுமில்லை; மேன்முறையீட்டுக்குக் கட்டணம் கிடையாது. வங்கி அட்டையையும் இரகசிய இலக்கத்தையும் கடைக்காரரிடமோ கிழமைக் கடன்காரரிடமோ பிணையாகக் கொடுத்து வைப்பது இன்னும் ஆபத்து. கொடுப்பனவு கணக்கில் விழுந்த அன்றே அவர் எடுத்துவிடுவார். எடுத்தது வட்டிக்கா முதலுக்கா என்று பிறகு கேட்க முடியாது. கொடுப்பனவு கூடியிருக்கிறது, உங்கள் கைபேசிக்கு வந்த இரகசிய இலக்கத்தைச் சொல்லுங்கள் என்று தொலைபேசியில் கேட்பவர் எவரும் வங்கி ஆள் அல்ல.

மேன்முறையீட்டுக்குப் பதிலே வராவிட்டால் 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டம் இருக்கிறது. தன் குடும்பத்தைப் பற்றிப் பதிந்த விபரங்களையும் கிடைத்த புள்ளியையும் தமிழிலேயே எழுதிக் கேட்கலாம். ஏன் கேட்கிறீர்கள் என்பதற்குக் காரணம் சொல்லத் தேவையில்லை. தருவதா இல்லையா என்பதைத் தகவல் அலுவலர் 14 வேலை நாட்களுக்குள் தீர்மானிக்க வேண்டும். இனம், மதம், கட்சி பார்த்து ஒதுக்கப்பட்டதாகக் காட்ட முடிந்தால் அது அரசியலமைப்பின் 12ஆம் உறுப்புரை சொல்லும் சமத்துவத்தை மீறிய விடயமாகிவிடும். அதற்கு உயர் நீதிமன்றத்துக்குப் போகும் காலம் ஒரு மாதம் மட்டுமே. அதே ஒரு மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவில் முறையிட்டால், விசாரணை நடக்கும் காலம் அந்தக் கணக்கில் சேராது. ஆணைக்குழுவின் பிராந்தியக் காரியாலயம் கல்முனையிலேயே இருப்பதால், இதற்காகக் கொழும்புக்கு பஸ் ஏறவேண்டியதில்லை.