ஆண்ட்ரோமீடாவின் உள்ளமைப்பை எப்படிக் கண்டறிந்தார்கள்?

நவம்பர் மாதத்தில் இரவு ஒன்பது மணி வாக்கில், நகர வெளிச்சம் எட்டாத இடத்தில் நின்று வடக்கு வானத்தில் உயரே பார்த்தால், நட்சத்திரங்களுக்கு நடுவே மங்கலான வெள்ளைத் திட்டு ஒன்று தெரியும். அதுதான் ஆண்ட்ரோமீடா விண்மீன் மண்டலம். பாரசீக வானியல் அறிஞர் அல் சூஃபி 964-ஆம் ஆண்டு வாக்கிலேயே அதைச் சிறு மேகம் என்று தன் நூலில் குறித்திருக்கிறார். இன்று அதன் தூரம் சுமார் 25 லட்சம் ஒளியாண்டு என்று தெரியும். வெறும் கண்ணுக்குத் தெரியும் மிகத் தொலைவான பொருள்களில் அதுவும் ஒன்று.

அந்தத் திட்டுக்குள் சுழலும் தட்டும், உப்பலான மையமும், தூசி வளையமும், நடுவில் ஒரு பெரும் கருந்துளையும் இருப்பதாகப் படிக்கிறோம். அங்கே யாரும் போனதில்லை. அதைச் சுற்றிவந்து வேறு கோணத்தில் பார்க்க வழியில்லை. அதன் தட்டு ஒருமுறை சுழன்று முடிக்க 20 கோடி ஆண்டுகளுக்கு மேல் ஆகும் என்பதால், அது திரும்பட்டும் என்று காத்திருக்கவும் முடியாது. கையில் இருப்பதெல்லாம் அங்கிருந்து வரும் ஒளி மட்டுமே. அந்த ஒளியை எத்தனை விதமாகப் பிரித்துப் படிக்கக் கற்றார்களோ, அந்த அளவுக்குத்தான் அதன் அமைப்பும் பிடிபட்டது. ஆண்ட்ரோமீடாவின் கதையைப் பார்த்தாலே, வானியலர்கள் எந்த விண்மீன் மண்டலத்தையும் ஆராயும் முறை விளங்கிவிடும்.

முதல் கேள்வி: எவ்வளவு தூரம்?

1888-இல் ஐசக் ராபர்ட்ஸ் என்ற வேல்ஸ் நாட்டவர் ஆண்ட்ரோமீடாவை நீண்ட நேரம் ஒளிபடவிட்டுப் படமெடுத்தார். கண்ணுக்குத் தெரியாத சுருள் வடிவம் அந்தப் படத்தில் துலங்கியது. ஆனால், படம் வடிவத்தை மட்டுமே சொல்லும், அளவைச் சொல்லாது. அருகில் இருக்கும் வாயுச் சுழலா, எங்கோ தொலைவில் இருக்கும் கோடானுகோடி நட்சத்திரங்களின் கூட்டமா என்பது தெரியவில்லை. 1920-இல் வாஷிங்டனில் வானியலர்கள் ஹார்லோ ஷாப்லியும் ஹீபர் கர்ட்டிஸும் இதைப் பற்றி எதிரெதிராக வாதிட்டும் முடிவு கிடைக்கவில்லை.

விடைக்கான சாவியை ஹார்வர்டு வானாய்வகத்தில் பணியாற்றிய ஹென்ரியட்டா லீவிட் ஏற்கெனவே கண்டுபிடித்திருந்தார். செஃபீடு வகை நட்சத்திரங்கள் சீரான கால இடைவெளியில் பிரகாசமாகி மங்கும். அந்த இடைவெளி நீளமாக இருந்தால், அந்த நட்சத்திரத்தின் உண்மையான பிரகாசமும் அதிகமாக இருக்கும் என்று 1912-இல் அவர் காட்டினார். உண்மையான பிரகாசம் தெரிந்துவிட்டால், நமக்குத் தெரியும் பிரகாசத்தோடு அதை ஒப்பிட்டுத் தூரத்தைக் கணக்கிடலாம். தூரம் இரண்டு மடங்கானால் ஒளி நாலில் ஒரு பங்காகும் என்பது எளிய விதி.

1923 அக்டோபர் 5-6 இரவில், கலிஃபோர்னியாவின் மவுண்ட் வில்சன் மலையில் இருந்த 100 அங்குலத் தொலைநோக்கியால் வானியலர் எட்வின் ஹபிள் ஆண்ட்ரோமீடாவைக் கண்ணாடித் தகட்டில் படமெடுத்தார். அதில் மூன்று புள்ளிகளைத் திடீரென வெடித்து ஒளிரும் நோவாக்கள் என்று கருதி, பக்கத்தில் ‘என்’ என்று எழுதினார். பழைய தகடுகளோடு ஒப்பிட்டபோது, அவற்றில் ஒன்று மங்கியும் மீண்டும் ஒளிர்ந்தும் வந்திருப்பது தெரிந்தது. ‘என்’ எழுத்தை அடித்துவிட்டு, மாறும் நட்சத்திரம் என்பதன் சுருக்கத்தை வியப்புக்குறியோடு எழுதிவைத்தார். அதன் இடைவெளி 31.4 நாள். கணக்கில் கிடைத்த தூரம் சுமார் 9 லட்சம் ஒளியாண்டு. இன்றைய மதிப்பைவிட அது குறைவுதான். ஆனாலும், ஆண்ட்ரோமீடா நம் பால்வீதிக்கு வெளியே இருக்கும் தனி மண்டலம் என்பதை நிலைநாட்ட அதுவே போதுமானதாக இருந்தது. தூரம் தெரிந்ததும் வானத்தில் தெரியும் கோண அளவு ஒளியாண்டு அளவாக மாறியது.

சாய்ந்து கிடக்கும் தட்டு

அடுத்த சிக்கல் கோணம். சாப்பாட்டுத் தட்டைச் சாய்த்துப் பிடித்தால் அது நீள்வட்டமாகத் தெரிவதுபோல, ஆண்ட்ரோமீடாவும் நமக்கு நீள்வட்டமாகத் தெரிகிறது. தட்டு உண்மையில் வட்டமானது என்று கொண்டால், நீள அகல விகிதத்திலிருந்து சாய்வு கிடைக்கும். ஆண்ட்ரோமீடாவின் சாய்வு சுமார் 77 பாகை. ஏறக்குறைய பக்கவாட்டில் பார்க்கிறோம்.

எந்த விளிம்பு நமக்கு அருகில் இருக்கிறது? இதற்குத் தூசி பதில் சொல்கிறது. படத்தின் வடமேற்குப் பக்கத்தில் கருநிறத் தூசிக் கோடுகள் பளிச்சென்று தெரிகின்றன. மையத்தின் ஒளிக்கு முன்னால், அதாவது நமக்கும் மையத்துக்கும் இடையில், அந்தத் தூசி இருந்தால்தான் அப்படித் தெரியும். ஆகவே, வடமேற்கு விளிம்பே நமக்கு அருகிலிருப்பது. இப்படித் தட்டையான ஒரு படத்துக்கு ஆழம் கிடைக்கிறது.

ஒளிக்கு ஒளி வேறு படம்

இரண்டாம் உலகப் போரின்போது லாஸ் ஏஞ்சலிஸ் நகரின் விளக்குகள் அணைக்கப்பட்டு, மவுண்ட் வில்சன் வானம் இருண்டது. ஜெர்மனியில் பிறந்த வால்டர் பாடே அந்த இருளைப் பயன்படுத்திக்கொண்டார். சிவப்பு ஒளியை நன்றாக வாங்கும் தகடுகளில் படமெடுத்து, அதுவரை வெறும் ஒளிப்படலமாகவே தெரிந்த ஆண்ட்ரோமீடாவின் மையத்தைத் தனித்தனி நட்சத்திரங்களாகப் பிரித்துக் காட்டினார். சுருள் கரங்களில் இளமையான நீல நட்சத்திரங்கள். மையத்தில் முதிர்ந்த சிவப்பு நட்சத்திரங்கள். ஒரு மண்டலத்துக்குள்ளேயே இரு தலைமுறைகள் இருப்பதை 1944-இல் அவர் அறிவித்தார். செஃபீடுகளிலும் இரண்டு வகை உண்டு என்று 1952-இல் அவர் காட்டியபோது, ஆண்ட்ரோமீடாவின் தூரம் ஏறத்தாழ இரு மடங்கானது.

கண்ணுக்குத் தெரியும் ஒளிக்கு அப்பாலும் இதே உத்தியைத்தான் கையாள்கிறார்கள். அகச்சிவப்பில் பார்த்தால் சூடேறிய தூசி ஒளிர்கிறது. ஸ்பிட்சர் விண்தொலைநோக்கியின் படங்களில், மையத்திலிருந்து சுமார் 33,000 ஒளியாண்டு தொலைவில் ஒரு பெரிய வளையம் எடுப்பாகத் தெரிகிறது. நட்சத்திரங்கள் அதிகமாகப் பிறக்கும் இடம் அது. புறஊதாக் கதிரில் வெப்பம் மிகுந்த இளம் நட்சத்திரங்கள் மட்டும் எழுந்து நிற்கும். நம் காற்று மண்டலம் இந்தக் கதிரைத் தடுத்துவிடுவதால், விண்ணிலிருந்துதான் பார்க்க முடியும். 2015 செப்டம்பர் 28 அன்று ஸ்ரீஹரிகோட்டாவிலிருந்து ஏவப்பட்ட ஆஸ்ட்ரோசாட் செயற்கைக்கோளில் உள்ள புறஊதாத் தொலைநோக்கி, ஆண்ட்ரோமீடாவை இவ்வாறு பகுதி பகுதியாகப் படமெடுத்திருக்கிறது. பெங்களூரு இந்திய வான் இயற்பியல் நிறுவனத்தின் தலைமையில் உருவான கருவி அது. எக்ஸ் கதிரில் பார்த்தால், துணை நட்சத்திரத்தின் வாயுவை உறிஞ்சும் நியூட்ரான் நட்சத்திரங்களும் கருந்துளைகளும் புள்ளிகளாகத் தெரிகின்றன.

ரேடியோ அலையில் தெரிவது குளிர்ந்த ஹைட்ரஜன் வாயு. 21 சென்டிமீட்டர் அலைநீளத்தில் அது வெளிவிடும் மெல்லிய சமிக்ஞை 1951-இல் முதன்முதலாகப் பதிவானது. நட்சத்திரங்கள் தீர்ந்துபோகும் விளிம்பையும் தாண்டி இந்த வாயு பரவியிருப்பதால், மண்டலத்தின் வெளிப்பகுதியை அறிய இதுவே சிறந்த வழி.

வேகம் சொன்ன ரகசியம்

படங்கள் இருப்பைச் சொல்லும். எடையைச் சொல்ல வேகம் வேண்டும். ஒளியை நிறமாலையாகப் பிரித்தால், ஹைட்ரஜனின் சிவப்புக் கோடு 656.3 நானோமீட்டரில் விழ வேண்டும். பொருள் நம்மை நோக்கி வந்தால் கோடு நீலப் பக்கம் நகரும். விலகிப் போனால் சிவப்புப் பக்கம் நகரும். நொடிக்கு 300 கிலோமீட்டர் வேகத்துக்கு நகர்வு வெறும் 0.66 நானோமீட்டர்தான். ஆனாலும் அதை அளந்துவிடலாம். 1912-இல் வானியலர் வெஸ்டோ ஸ்லைஃபர், ஆண்ட்ரோமீடா நம்மை நோக்கி நொடிக்குச் சுமார் 300 கிலோமீட்டர் வேகத்தில் வருவதை இப்படித்தான் கண்டறிந்தார். தட்டின் ஒரு பக்கம் இந்த வேகத்தைவிட விரைவாகவும், மறுபக்கம் மெதுவாகவும் வருகிறது. அந்த வேறுபாடுதான் சுழற்சி.

வானியலர்கள் வேரா ரூபினும் கென்ட் ஃபோர்டும் ஆண்ட்ரோமீடாவில் 67 ஒளிரும் வாயு மேகங்களின் வேகத்தை அளந்து 1970-இல் வெளியிட்டார்கள். மங்கலான ஒளியைப் பெருக்கித் தரும் மின்னணுக் குழாய் பொருத்திய ஃபோர்டின் நிறமாலைமானி இல்லாவிட்டால் இது நடந்திருக்காது. சூரியக் குடும்பத்தில் புதன் நொடிக்கு 47 கிலோமீட்டர் வேகத்தில் ஓடுகிறது. தொலைவில் இருக்கும் நெப்டியூன் 5.4 கிலோமீட்டர் வேகத்தில்தான் நகர்கிறது. எடை முழுவதும் நடுவில் இருந்தால் அப்படித்தான் குறைய வேண்டும். ஆண்ட்ரோமீடாவின் ஒளியும் வெளியே போகப் போகச் சுருங்கிவிடுகிறது. வேகமோ அதற்கேற்பக் குறையவில்லை. 1975-இல் மார்ட்டன் ராபர்ட்ஸும் ராபர்ட் வைட்ஹர்ஸ்ட்டும் ரேடியோ அலையில் இன்னும் வெளியே அளந்தபோதும் அதே நிலைதான்.

இவ்வளவு வேகமாக ஓடும் வாயு சிதறிப் போகாமல் இருக்க, கண்ணுக்குத் தெரியாத பெரும் எடை அதைப் பிடித்து வைத்திருக்க வேண்டும். அதைத்தான் கரும்பொருள் என்கிறார்கள். ஆண்ட்ரோமீடாவின் மொத்த எடை ஏறத்தாழ ஒரு லட்சம் கோடி சூரியன்கள் என மதிப்பிடப்படுகிறது. நட்சத்திரங்களின் பங்கு அதில் சுமார் பத்தில் ஒன்றுதான். மையத்தில் நட்சத்திரங்கள் சுழலும் வேகத்திலிருந்து, 10 கோடி சூரியன்களுக்கும் மேலான எடைகொண்ட கருந்துளை இருப்பதும் தெரியவந்தது. அமைப்பின் மிகப் பெரிய பகுதியும் மிகச் செறிவான பகுதியும் அசைவின் வழியாகவே அகப்பட்டிருக்கின்றன.

ஒவ்வொரு நட்சத்திரமாக

2025 ஜனவரியில் வெளியான ஹபிள் விண்தொலைநோக்கியின் தொகுப்புப் படம், பத்தாண்டுகளுக்கு மேல் எடுத்த சுமார் 600 காட்சிகளை இணைத்தது. அதில் 250 கோடிப் படப்புள்ளிகள். பிரித்தறிந்த நட்சத்திரங்கள் 20 கோடிக்கும் மேல். ஒவ்வொன்றின் நிறமும் பிரகாசமும் அதன் வயதைக் கணிக்க உதவுவதால், எந்தப் பகுதியில் எந்தக் காலத்தில் நட்சத்திரங்கள் பிறந்தன என்ற வரலாற்றை எழுத முடிகிறது. தட்டுக்கு வெளியே நட்சத்திரங்களை எண்ணியபோது, 2001-இல் நீண்ட நட்சத்திர ஓடை ஒன்று அகப்பட்டது. ஆண்ட்ரோமீடா சிதைத்து விழுங்கிய சிறு மண்டலத்தின் மிச்சம் அது.

இந்த அளவீடுகள் பால்வீதியின் எதிர்காலத்தையும் தொடுகின்றன. ஆண்ட்ரோமீடாவின் பக்கவாட்டு நகர்வை ஹபிள் படங்களில் அளந்த குழுவினர், சுமார் 400 கோடி ஆண்டுகளில் அது பால்வீதியோடு மோதுவது உறுதி என்று 2012-இல் அறிவித்தார்கள். அண்டை மண்டலங்களின் ஈர்ப்பையும் அளவீட்டுப் பிழைகளையும் சேர்த்து 2025-இல் மறுபடியும் கணக்கிட்டபோது, அடுத்த 1,000 கோடி ஆண்டுகளில் இரண்டும் இணைய ஏறத்தாழப் பாதி வாய்ப்புதான் என்று வந்தது. எடைகளும் வேகங்களும் துல்லியமாகத் தெரிந்தால்தான் இந்தக் கணக்கு உறுதிப்படும்.

அந்த வேலையில் பங்கெடுக்கப் பெரிய தொலைநோக்கியைச் சொந்தமாக வைத்திருக்க வேண்டியதில்லை. ஹபிள் எடுத்த தரவுகளும் ஆஸ்ட்ரோசாட் எடுத்த தரவுகளும் குறிப்பிட்ட காலத்துக்குப் பின் இணையத்தில் எல்லோருக்கும் திறந்துவிடப்படுகின்றன. இயற்பியலும் கொஞ்சம் கணினி நிரலாக்கமும் தெரிந்த கல்லூரி மாணவர்கள், தங்கள் ஊரிலிருந்தே ஆண்ட்ரோமீடாவின் நட்சத்திரங்களை எண்ணவும் அவற்றின் நிறங்களை அளக்கவும் தொடங்கலாம். நம் கல்லூரிகள் இதை மாணவர்களின் கைக்குக் கொண்டுசேர்க்க வேண்டும்.