பூச நாளும் அதன் நிகழ்ச்சிகளும்



நெல்லையம்பதியில் காந்திமதியம்மையோடு எழுந்தருளியிருக்கும் வேணுவனநாதர், தைப்பூசத்தன்று சிந்துபூந்துறையில் பொருநையாற்றில் தீர்த்தவாரி கண்டருளுகின்றார். இந்நாளில் நிகழ்ந்தனவாகப் பெரியோர் கூறுவன பல. அவையெல்லாம் ஒரே நாளில் அமைந்தது தற்செயல்தானோ என்று இளைஞர் சிலர் வினவுகின்றனர். வினா தக்கதே. அதனை ஒதுக்காமல் விடை கூறுதல் நம் கடமையாகும்.

முதற்கண் நாள் என்பது யாதெனக் காண்போம். சூரியன் மகர ராசியில் நிற்கும் மாதம் தை. பூச விண்மீனோ அதற்கு நேர் எதிரான கடகத்தில் உள்ளது. ஆதலின், தை மாதத்தில் சந்திரன் பூசத்தை அணுகும்போது நிறைமதியாகவோ நிறைமதியை அடுத்தோ விளங்குவான். நம் முன்னோர் வானத்தைப் பார்த்து நாளைக் குறித்தனர். ஆங்கிலத் தேதி ஆண்டுதோறும் மாறும். 2024இல் சனவரி 25, 2025இல் பிப்ரவரி 11 ஆகிய நாள்களில் தைப்பூசம் வந்தது. தேதி மாறினும் விண்மீன் மாறவில்லை.

இனி நிகழ்ச்சிகளை நோக்குவோம். தில்லையில் பதஞ்சலி முனிவரும் வியாக்கிரபாத முனிவரும் காணக் கூத்தப்பெருமான் ஆனந்த நடனம் புரிந்தது, தைப்பூசமும் வியாழக்கிழமையும் கூடிய நாள் என்பது மரபு. நம் ஊருக்குப் பெயர் தந்த திருவிளையாடலும் இத்திருவிழாவிலேயே கொண்டாடப்பெறுகிறது. வேதசர்மர் என்னும் வறிய அடியவர், இறைவனுக்குத் திருவமுது படைக்க இரந்து பெற்ற நெல்லை உலர்த்திவிட்டு நீராடச் சென்றார். பெருமழை பொழிந்தது. நெல் போயிற்றே என்று பதறி ஓடிவந்தவர், சுற்றிலும் வெள்ளம் சூழ்ந்திருக்க நெல் மட்டும் நனையாமல் வேலியிட்டாற்போல் காக்கப்பெற்றிருப்பதைக் கண்டார். நெல்லுக்கு வேலியிட்டமையால் ஊர் திருநெல்வேலி ஆயிற்று.

இவற்றுக்கு ஆண்டு கூற இயலாது. புராணம் ஆண்டைச் சொல்லுவதில்லை, நாளைச் சொல்லும். ஆண்டு ஒருமுறை கழிந்தால் மீளாது. நாளோ ஆண்டுதோறும் திரும்பி வந்து அடியார்க்கு மீண்டும் வாய்ப்பளிக்கும். அது கருதியே பெரியோர் நாளைப் போற்றினர்.

வரலாறு ஏறக்குறைய அறியக்கூடிய சான்றும் உண்டு. ஏழாம் நூற்றாண்டினராகிய திருஞானசம்பந்தர், மயிலையில் பூம்பாவையை எழுப்பப் பாடியருளிய பதிகத்தில் ஆண்டு முழுவதற்குமான விழாக்களை எண்ணுகின்றார். அவற்றுள் தைப்பூசமும் ஒன்று. நெய்யிட்ட சோற்றோடு மகளிர் அதனைக் கொண்டாடிய செய்தியும் ஆங்கு உண்டு. எனவே இவ்விழா ஆயிரத்து முந்நூறு ஆண்டுகளுக்கு முன்னரே தமிழகத்தில் வேரூன்றியிருந்தது என்பது தெளிவு.

அண்மைக் காலத்துக்கு வருவோம். இராமலிங்க அடிகள் 1867 மே 23இல் வடலூரில் சத்திய தருமச்சாலையை நிறுவினார். அன்று மூட்டிய அடுப்பு இன்றும் அணையாமல் பசித்தவர்க்கு உணவு சமைக்கிறது. அங்கே சத்திய ஞானசபையில் 1872 சனவரி 25, வியாழக்கிழமை, தைப்பூசத்தன்று வழிபாடு தொடங்கியது. 1874 சனவரி 30, வெள்ளிக்கிழமை இரவு, மேட்டுக்குப்பத்தில் திருவறையுள் புகுந்தார். அதனையும் தைப்பூசத்தோடு சேர்த்தே அன்பர்கள் போற்றுகின்றனர்.

ஒரு வியப்பும் கூறுவோம். ஞானசபை தொடங்கிய நாளுக்குச் சரியாக 152 ஆண்டுகள் கழித்து, 2024 சனவரி 25 அன்று மீண்டும் தைப்பூசம் வந்தது, அன்றும் வியாழக்கிழமையே! இதில் மாயம் ஒன்றுமில்லை. சூரிய சந்திரர்களின் கணக்கு ஏறத்தாழப் பத்தொன்பது ஆண்டுகளுக்கு ஒருமுறை ஒத்துவரும். 152 என்பது அதன் எட்டு மடங்கு. கணக்கால் விளங்குவதை அற்புதம் என்று சாதித்தல் சைவத்துக்கு அழகன்று.

அங்ஙனமாயின் தற்செயல் என்றே முடித்துவிடலாமோ? ஆகாது. சபையின் வழிபாட்டைத் தொடங்கத் தைப்பூசம் தெரிந்தெடுக்கப்பெற்றது. தில்லைக் கூத்தின் நினைவும், சம்பந்தர் திருவாக்கும், ஊர்தோறும் நிகழ்ந்த விழாவும் அந்நாளை முன்னமே சிறப்பித்திருந்தன. முன்னோர் போற்றிய நாளைப் பின்னோர் நற்செயலுக்கு ஏற்றனர். நிகழ்ச்சிகள் ஒரு நாளில் கூடுவது இவ்வாறே.

வள்ளலார் பாடல்கள் குறித்து ஆறுமுக நாவலர் காலத்தில் எழுந்த பூசலை நாம் அறிவோம். அவ்வழக்கில் இன்றும் இரு பக்கமும் நிற்போர் உளர். எனினும் வேதசர்மரின் நெல்லும், மயிலை மகளிரின் சோறும், வடலூர் அடுப்பும் கூறுவது ஒன்றே: பசித்தார்க்கு உணவளித்தல் சிவபூசையோடு ஒட்டிய அறம். இதில் எவர்க்கும் பூசல் இருத்தற்கு இடமில்லை.

ஆதலால் அன்பர்களே, இவ்வாண்டுத் தைப்பூசத்தில் இரண்டு செய்வோம். வீட்டுக்கு ஒருபடி அரிசி அன்னதானத்துக்கு அளிப்போம். பொருநையில் நீராடும்போது உடுத்த துணியை ஆற்றில் விடாதிருப்போம். பாபநாசம் முதலிய துறைகளில் அத்துணிகள் குவிந்து நீர் கெடுவதைக் கண்கூடாகக் காண்கிறோம். துணியை விடுவதால் வினை தீராது, துறையே பாழாகும். பெருமான் தீர்த்தம் கொடுக்கும் நீரைத் தூயதாக வைத்திருத்தலும் திருத்தொண்டே.

நாள் தவறாமல் வருகிறது. அதனை நாம் எதற்குப் பயன்படுத்துகிறோம் என்பதே வினா.

திருச்சிற்றம்பலம்.