நல்லெண்ணெய் டின்னும் நரம்புப் பாதிப்பும்

நம் புதூர், விளாத்திகுளம் பக்கம் ஒரு வீட்டில் பெண் பிள்ளை பெரியவளாகி விட்டால் கடைக்கு வரும் சீட்டில் என்ன இருக்கும் என்பது நமக்குத் தெரியும். உளுந்து, கருப்பட்டி, நல்லெண்ணெய். இடுப்புக்குப் பலம் என்று களியில் குழி பறித்து எண்ணெய் ஊற்றிக் கொடுப்பார்கள். வெறும் வயிற்றில் குடிக்கக் கொடுக்கும் வீடுகளும் உண்டு. பிரசவித்த பெண்ணுக்கும் இதே பக்குவம்தான்.

இலங்கைத் தேயிலைத் தோட்டங்களுக்குப் பிழைக்கப் போன நம் மக்கள் இந்த வழக்கத்தையும் கையோடு கொண்டு போனார்கள். 1977-78ல் அந்தத் தோட்டங்களில் இருபதுக்கும் மேற்பட்ட இளம் பெண்களுக்குக் கை, கால் விளங்காமல் போயிற்று. மருத்துவர்கள் சேனநாயக்கவும் ஜெயரத்தினமும் இதை ஆராய்ந்து 1981ல் 'லான்செட்' மருத்துவ இதழில் எழுதினார்கள். அந்தப் பெண்கள் சாப்பிட்ட நல்லெண்ணெயில் டிரைகிரெசில் பாஸ்பேட் என்ற ரசாயனம் கலந்திருந்தது. இயந்திர எண்ணெய்களில் சேர்க்கும் சரக்கு அது. முன்பு மினரல் ஆயில் வைத்திருந்த கலங்களில் நல்லெண்ணெயை ஏற்றி வந்ததால் கலந்திருக்கலாம் என்பது அவர்கள் கருத்து.

வேண்டுமென்றே கலந்த பாவிகளும் உண்டு. 1959ல் மொராக்கோ நாட்டில் விமான எஞ்சின் எண்ணெயைச் சமையல் எண்ணெயில் கலந்து விற்றதில் சுமார் 10,000 பேர் முடங்கினார்கள். 1988ல் கல்கத்தாவில் பெஹாலா பகுதியிலும் இதே ரசாயனம் கலந்த எண்ணெயால் பலர் பாதிக்கப்பட்டார்கள். ஆனால் நாம் அஞ்ச வேண்டியது இலங்கைச் சம்பவத்துக்குத்தான். அது அசட்டையால் நடந்தது.

இந்த விஷம் உடனே தெரியாது. நிறமில்லை, வாசமில்லை. சாப்பிட்டு ஒன்று முதல் மூன்று வாரம் கழித்துக் கெண்டைக்காலில் வலி வரும், பாதம் மதமதக்கும். பிறகு பாதம் தொங்கி, செருப்பு நழுவும். கைப்பிடியும் தளரும். முதுகுத் தண்டிலிருந்து கை கால்களுக்குப் போகும் நரம்புகளில் நீளமானவை பாதத்துக்குப் போகிறவை. இந்த விஷம் நீண்ட நரம்பை நுனியிலிருந்து பட்டுப் போகச் செய்வதால்தான் முதலில் காலைப் பிடிக்கிறது. சிலர் நாளடைவில் தேறுவார்கள், சிலருக்குக் குறை நிலைத்து விடும்.

கால் மதமதத்தால் எல்லாம் எண்ணெய்தான் என்று பயப்பட வேண்டாம். பெரும்பாலும் காரணம் சர்க்கரை நோய். நாள் முழுக்கக் கல்லாவில் உட்கார்ந்திருக்கும் நமக்கே அது அதிகம். குடிப்பழக்கம், பி12 சத்துக் குறைவு, தொழுநோய் இவற்றாலும் நரம்பு கெடும். சர்க்கரையில் இது மெல்ல, வருடக் கணக்கில் வரும். நல்ல திடமான பிள்ளைக்குச் சில நாளில் பாதம் தொங்கினால் அது வேறு சங்கதி.

இனி டின் விஷயம். பழைய டின்னைச் சோப்புப் போட்டுக் கழுவி வெயிலில் கவிழ்த்தால் சுத்தமாகி விட்டது என்று நாமும் நினைத்திருந்தோம். மடிப்பிலும் மூலையிலும் தங்கிய இயந்திர எண்ணெய் அப்படிப் போகாது. ஒருமுறை உபயோகித்த தகர டின்னில் மறுபடி சமையல் எண்ணெய் அடைக்கக் கூடாது என்பது சட்டமும்கூட. செக்கிலிருந்து எண்ணெய் எடுக்கிறவர்கள் கேன் யாருடையது, முன்பு அதில் என்ன இருந்தது என்று கேட்டுத்தான் எடுக்க வேண்டும். லாரியில் கிரீஸ், ஆயில் பேரல்களோடு எண்ணெயை ஏற்ற விடக் கூடாது.

ஒரே சரக்கு வாங்கிய இரண்டு வீடுகளில் இப்படிக் கால் விழுந்ததாகக் காதில் பட்டால் அன்றே விற்பனையை நிறுத்தி, அரசு ஆஸ்பத்திரிக்கும் உணவுப் பாதுகாப்பு அலுவலருக்கும் தகவல் சொல்லுங்கள். பயந்து போய் எண்ணெயைக் கொட்டி டின்னைக் கழுவி விடாதீர்கள். பரிசோதனைக்கு அந்த மிச்ச எண்ணெய்தான் வேண்டும்.