வளையத்துக்கு மேலே இரண்டு அடி

பூண்டுலோயாவிலிருந்து டன்சினன் பக்கம் ஏறும் பாதையில் பின்னேரம் நடந்தால் பாடசாலை மைதானத்தில் பிள்ளைகள் வலைப்பந்து ஆடுவது தெரியும். ஒரு தங்கச்சி வளையத்தை நோக்கி எறிகிறாள். பந்து நேராகத்தான் போகிறது. ஆனால் வளையத்தின் முன் விளிம்பில் 'டங்' என்று பட்டு அவளிடமே திரும்பி வருகிறது. மறுபடி எறிகிறாள், மறுபடியும் 'டங்'. "நான் கட்டை, டீச்சர், எனக்கு வராது" என்று பந்தைத் தோழியிடம் கொடுத்துவிடுகிறாள்.

அந்தத் தங்கச்சிக்காகத்தான் இதை எழுதுகிறேன்.

வீட்டில் தேத்தண்ணி குடிக்கும் கோப்பையை மேசையில் வையுங்கள். நேர் மேலே இருந்து பாருங்கள்: வாய் முழு வட்டம். தலையை மெல்லத் தாழ்த்துங்கள். வட்டம் ஒடுங்கி, நடு அகன்று இரு முனையும் மெலிந்த தேயிலை போல ஆகும். கண் கோப்பையின் விளிம்புக்கு நேரே வந்ததும் வெறும் கோடு. கோப்பை மாறவில்லை, நீங்கள் பார்க்கும் கோணம்தான் மாறியது.

வலைப்பந்தின் வளையத்துக்கும் இதே கதைதான். அதன் உள் அகலம் 38 செ.மீ. பந்தின் குறுக்களவு ஏறக்குறைய 22 செ.மீ. நேர் மேலிருந்து விழும் பந்துக்கு 38 செ.மீ. வழி முழுவதும் திறந்திருக்கும். கிடைமட்டத்துக்கு 60 பாகைச் சாய்வில் இறங்கினால் வழி 33 செ.மீ., 45 பாகையில் 27 செ.மீ. 36 பாகைக்கு வந்தால் வழியும் பந்தும் ஒரே அளவு. 30 பாகையில் வழி 19 செ.மீ. மட்டுமே, பந்து தொடாமல் நுழையவே முடியாது. கூடைப்பந்துக்கு வளையத்தின் பின்னே பலகை உண்டு, அதில் தட்டி உள்ளே விழுத்தலாம். வலைப்பந்துக்கு அந்த உதவியும் இல்லை. அதனால்தான் அந்த 'டங்'.

இப்போது உங்களுக்கு ஓர் அக்காவை அறிமுகப்படுத்த வேண்டும். தர்ஜினி சிவலிங்கம். யாழ்ப்பாணத்தில் புன்னாலைக்கட்டுவன் பக்கம் ஈவினை என்ற ஊரில் 1979இல் பிறந்தவர். உயரம் 208 செ.மீ., அதாவது 6 அடி 10 அங்குலம். உலக வலைப்பந்து மைதானங்களில் இவரைப் போல் உயர்ந்த வீராங்கனையைக் காண்பது அரிது. இலங்கை அணி 2009இலும் 2018இலும் 2022இலும் ஆசியக் கிண்ணத்தை வென்றபோது வளையத்தடியில் நின்று எறிந்தவர் இவர்தான். 2022இல் அவருக்கு வயது 43! அவுஸ்திரேலியா உலகத்திலேயே பலமான வலைப்பந்து நாடு. அங்கே மெல்பேர்ன் நகரின் சிட்டி வெஸ்ட் ஃபல்கன்ஸ் கழகம் இவரை அழைத்து ஆட வைத்தது. ஈவினையில் பிறந்த ஒரு பிள்ளை கடல் கடந்து இன்னொரு நாட்டின் கழகத்துக்கு ஆடப் போனது சின்ன விசயம் இல்லை.

உயரம் அவருக்கு என்ன செய்து கொடுக்கிறது? ஒரு கணக்குப் போட்டுப் பார்ப்போம்.

கையை மேலே நீட்டினால் நம் உயரத்தைப் போல் ஏறத்தாழ 1.3 மடங்கு வரை எட்டும். தர்ஜினி அக்காவின் கையில் பந்து சுமார் 2.7 மீற்றர் உயரத்தில் இருக்கும். வளையம் 3.05 மீற்றரில். இடைவெளி 35 செ.மீ. மட்டுமே. ஒன்றரை மீற்றர் உயரமுள்ள நம் தங்கச்சியின் பந்து 1.95 மீற்றரில் புறப்படும். அவளுக்கு இடைவெளி 1.1 மீற்றர்.

இருவரும் வளையத்துக்கு 2 மீற்றர் தள்ளி நின்று ஒரே 60 பாகைச் சாய்வில் எறிகிறார்கள் என்று வையுங்கள். எறிந்த பந்து நேர்கோட்டில் போகாது. பீலித் தண்ணீர் வெளியே பாய்ந்து வளைந்து விழுகிறதே, அந்த மாதிரிப் பரவளைவில் போகும். அக்காவின் பந்து வளையத்துக்கு வரும்போது 54 பாகையில் இறங்கும். வழி 31 செ.மீ., தாராளம். தங்கச்சியின் பந்தோ 32 பாகையில்தான் வந்து சேரும். கோப்பைக் கணக்கைப் பாருங்கள்: 36க்குக் கீழே போய்விட்டது. அவள் பிழையாக எறியவில்லை. அக்காவின் கோணம் அவளுக்குச் சரிவரவில்லை, அவ்வளவுதான்.

அவள் 70 பாகையில், இன்னும் செங்குத்தாக எறிந்தால்? பந்து 59 பாகையில் இறங்கும். அக்காவுடையதை விடவும் நல்ல கோணம்!

இந்தக் கணக்கில் எனக்கு மிகவும் பிடித்த இடம் இனித்தான் வருகிறது. அக்காவின் 60 பாகைப் பந்தும் தங்கச்சியின் 70 பாகைப் பந்தும் உச்சிக்குப் போகும் உயரத்தைக் கணக்கிட்டால் இரண்டும் கிட்டத்தட்ட ஒன்றுதான். வளையத்துக்கு மேலே ஏறக்குறைய 60 செ.மீ., இரண்டு அடி. உச்சிக்குப் போன பந்துக்கு யார் எறிந்தார்கள் என்று தெரியாது. அங்கிருந்து அதை இழுப்பது புவியீர்ப்பு மட்டுமே.

வித்தியாசம் எங்கே என்றால் உழைப்பில். அக்கா பந்தை ஒரு மீற்றர் உயர்த்தினால் போதும், தங்கச்சி 1.7 மீற்றர் உயர்த்த வேண்டும். அந்தப் பலம் கையிலிருந்து மட்டும் வராது. முழங்காலை மடித்து, பாதத்தால் நிலத்தைத் தள்ளி, அந்த உந்தலைக் கை வழியாகப் பந்துக்குக் கொடுக்க வேண்டும். லயத்திலிருந்து பாடசாலைக்குத் தினமும் மலை ஏறி இறங்கும் கால்களுக்கு அந்தப் பலம் உண்டு. கடைசி நொடியில் விரல்களால் பந்தைப் பின்னோக்கிச் சுழல விடுங்கள். பின்சுழலுள்ள பந்து விளிம்பில் பட்டால் முன்னே ஓடும் வேகத்தை இழந்து, வளையத்துக்குள்ளேயே விழப் பார்க்கும்.

தர்ஜினி அக்காவைப் போல, பிறந்த ஊரில் பழகிய உடலை வேறு தேசத்தின் ஆட்டத்துக்குக் கொண்டுபோனவர்கள் இன்னும் பலர். ஜான் ஸ்டெனரூட் நோர்வே நாட்டுக்காரர். பனிச்சறுக்கில் தாண்டும் வீரராக அமெரிக்கப் பல்கலைக்கழகம் ஒன்றுக்குப் படிக்கப் போனவர். அங்கே ஆடும் அமெரிக்கன் ஃபுட்போலில் முட்டை வடிவப் பந்தை அந்நாட்டவர் பெருவிரல் நுனியால் நேராக உதைத்துக்கொண்டிருந்தார்கள். இவரோ நம் உதைபந்துப் பிள்ளைகள் போலப் பக்கவாட்டில் ஓடிவந்து பாதத்தின் மேற்பகுதியால் உதைத்தார். விரல் நுனியை விட அகலமான இடம் பந்தில் படுவதால் குறி தவறுவது குறையும். ஹங்கேரியில் பிறந்த பீட் கோகலக் 1964இலேயே அங்கே தொழில்முறை ஆட்டத்தில் இப்படி உதைத்துக் காட்டியிருந்தார். இன்று அங்கே கோல் கம்பத்துக்கு உதைப்பவர்கள் எல்லாருடைய பாணியும் இதுதான். ஸ்டெனரூட்டுக்கு 1991இல் அந்த ஆட்டத்தின் மிகப் பெரிய கௌரவப் பட்டியலில் இடம் கிடைத்தது.

உயரத்தைப் பற்றி இன்னும் ஒன்று சொல்லியே ஆக வேண்டும். நம் கால், கை எலும்புகளின் முனைகளில் வளர்ச்சித் தட்டு என்ற குருத்தெலும்புப் பகுதி உண்டு. பிள்ளைப் பருவத்தில் எலும்பு நீளுவது அங்கேதான். பதின்ம வயது முடிவில் அது கெட்டியாகி மூடிக்கொள்ளும். எவ்வளவு உயரலாம் என்பதைப் பெரும்பாலும் அம்மா அப்பாவிடமிருந்து வரும் மரபணு சொல்கிறது. ஆனால் அந்த அளவை எட்டுவதற்குச் சாப்பாடும் நோயில்லாத உடம்பும் வேண்டும். 2016இல் இலங்கை முழுவதும் எடுத்த கணக்கில், தோட்டங்களில் ஐந்து வயதுக்குக் குறைந்த பிள்ளைகளில் ஏறக்குறைய மூன்றில் ஒருவருக்கு வயதுக்கேற்ற உயரம் இல்லை. நாடு முழுவதற்குமான அளவோ நூற்றுக்கு 17 மட்டும். மலையகப் பிள்ளை கட்டையாகத்தான் இருப்பாள் என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். குறை பிள்ளையில் இல்லை, சாப்பாட்டுத் தட்டில் விழாத முட்டையிலும் பருப்பிலும் பாலிலும் கீரையிலும் இருக்கிறது. அதைச் சரிசெய்ய வேண்டியது பெரியவர்களின் கடமை.

உயரமாக வளரும் தங்கச்சிகளே, வகுப்பில் தோளைக் குறுக்கி நிற்காதீர்கள். 208 செ.மீ. உயர்ந்த ஓர் அக்கா நம் நாட்டுக்குக் கிண்ணம் கொண்டுவந்திருக்கிறார்.

இனி மைதானத்துக்குப் போங்கள். வளையக் கம்பத்தில் ஒரு மெல்லிய மூங்கிலைக் கட்டி, அது வளையத்துக்கு மேலே இரண்டு அடி நிற்கும்படி செய்து, நுனியில் சிவப்புத் துணி ஒன்றை முடியுங்கள். முதலில் வழக்கம்போல் 20 தடவை எறிந்து எத்தனை விழுந்தது என்று எண்ணுங்கள். பிறகு வளையத்தைப் பார்க்காமல், பந்தின் உச்சி சிவப்புத் துணியின் உயரத்துக்குப் போகும்படி 20 தடவை எறியுங்கள். இரண்டு எண்களையும் ஒரு தாளில் எழுதி ஒப்பிட்டுப் பாருங்கள்.